தாயும் மகளும் கூடிய பெயர்: ‘ஆன்-மரி’ என்னும் பிரெஞ்சு நாமத்தின் சரித்திரம்

மாத்தளையிலிருந்து இரத்தோட்டை வழியாக மலையேறி, ரிவர்ஸ்டனைத் தாண்டி, நக்கிள்ஸ் தொடரின் மறுசரிவிலே இறங்கிச் செல்லும் பாதை சென்று சேருகின்ற லக்கலப் பிரதேசத்தில், முதிய தலைமுறைச் சிங்களப் பெண்மணிகளின் பெயர்களைக் கேட்டறிபவர், அவற்றுட் பல இரண்டு சொற்கள் இணைந்து அமைந்தவை என்பதைக் காண்பார். ரன் மெனிக்கே, ஹீன் மெனிக்கே, புஞ்சி மெனிக்கே, டிங்கிரி மெனிக்கே என்றவாறு வழங்கும் இப்பெயர்கள் பழைய கண்டி இராச்சியத்தின் நாமகரண மரபிலே பிறந்தவை. ‘மெனிக்கே’ என்பது சீமாட்டி என்னும் கௌரவத்தைக் குறிப்பது. அதன் அடியிலே நிற்பது நாம் மாணிக்கம் என்று வழங்குகின்ற அதே வடசொல். ‘ரன்’ பொன்னையும், ‘புஞ்சி’, ‘டிங்கிரி’ ஆகியவை சிறுமையையும் அதன்வழி செல்லத்தையும் உணர்த்துவன. கொழும்புக்கும் பதுளைக்கும் இடையே ஓடுகின்ற ‘உடரட்ட மெனிக்கே’, ‘பொடி மெனிக்கே’ என்னும் புகையிரதங்களின் வாயிலாக இம்மரபு சிங்களம் அறியாதாருக்கும் பரிச்சயமானதே. அதே மாத்தளை மாவட்டத்தில், மாசி மகத்தன்று ஐந்து தேர்கள் பவனி வருகின்ற முத்துமாரியம்மன் சந்நிதியைச் சார்ந்து வாழும் தமிழர், தம் பெண் மக்களுக்கு முத்துமாரி என்று பெயரிடுவதும் இவ்வகையைச் சேர்ந்ததே.

பெண் குழந்தைக்கு ஒரு சொல் போதாதென்று இரு சொற்களைக் கோத்து ஒரே பெயராக இடுகின்ற இவ்வழக்கம், கடல் கடந்த பிரெஞ்சு தேசத்திலும் பல நூற்றாண்டுகளாகச் செழித்திருக்கிறது. அங்கு வழங்கும் இரட்டைப் பெயர்களுள் ‘ஆன்-மரி’ என்பதை இங்கு ஆராய எடுத்துக்கொள்வதற்குக் காரணம், அது புதுச்சேரிக்கும் யாழ்ப்பாணத்துக்கும் வந்து, தமிழ்ச் சொல்லே போன்ற உருவம் பெற்று, அன்னமரியாள், அன்னமேரி என்று நம்மவர் இல்லங்களிலே குடியேறியமையே ஆகும்.

இப்பெயரின் முற்பகுதியாகிய ‘ஆன்’, எபிரேய மொழியிலே ‘ஹன்னா’ என்று தோன்றியது. கிருபை, தயை என்னும் பொருளுடைய ஓர் அடிச்சொல்லிலிருந்து பிறந்த இந்நாமம், விவிலியத்தின் பழைய ஏற்பாட்டில், பிள்ளைப்பேறு இன்றி வருந்தி, ஆலயத்திலே உதடு மட்டும் அசைய மன்றாடி, சாமுவேலைப் பெற்ற மாதரசியின் பெயராக வருகிறது. தமிழ் விவிலியம் அவளை அன்னாள் என்று அழைக்கும். எபிரேயத்தின் கண்டத்து ஒலி கிரேக்கரின் நாவிலே மறைய, அன்னா என்றாகி, இலத்தீனிலும் அவ்வாறே நிலைத்து, பிரெஞ்சிலே ஈற்றுயிரை இழந்து ‘ஆன்’ என்று குறுகியது. அந்த அடிச்சொல்லே ஆண்பாலில் யோஹனான் என்று வளர்ந்து, தமிழில் யோவானாகவும், பிரெஞ்சில் ழான் ஆகவும் வழங்குவதால், ஆன், ழான் என்னும் பெயர்கள் ஒரே வேரிலிருந்து எழுந்த உடன்பிறப்புக்கள் என்று கொள்வது பொருந்தும். பண்டைய கார்த்தேஜ் நகரத்துச் சேனாதிபதி ஹன்னிபாலின் பெயரிலும் முற்பாதியாக நிற்பது இக்கிருபையே.

பிற்பகுதியாகிய ‘மரி’ எபிரேயத்தின் மிர்யாம் ஆகும். மோசேயின் தமக்கைக்கு வழங்கிய பெயரும், இயேசுவின் தாய்க்கு வழங்கிய பெயரும் இதுவே; அரபியர் மர்யம் என்பதும், நம் நாட்டு முஸ்லிம் பெண்கள் மரியம் என்று தாங்குவதும் இதுவே. இதன் பொருளைப் பற்றிப் பண்டிதரிடையே ஒருமித்த கருத்து இல்லை. கசப்பு என்பாரும், எகிப்திய மொழியின் ‘அன்புக்குரியவள்’ என்னும் சொல்லோடு இயைப்பாரும் உளர். ‘கடலின் துளி’ என்று பொருள் கூறும் ஒரு பழைய இலத்தீன் விளக்கம் புனித எரோணிமுவின் வழியாகப் பரவியது. அவ்விளக்கத்தில் துளி என்னும் பொருளுடைய ‘ஸ்தில்லா’ காலப்போக்கிலே விண்மீன் என்னும் பொருளுடைய ‘ஸ்தெல்லா’வாக மாறிற்று. அம்மாற்றத்தினின்றே ‘கடலின் விண்மீன்’ என்னும் புகழ்பெற்ற விருது மரியாளுக்கு உரியதாயிற்று என்றும், மாலுமிகளின் பாதுகாவலியாக அவளைப் போற்றும் வழக்கம் அதனால் வலுப்பெற்றது என்றும் அறிஞர் கூறுவர். சொல்லின் மூலம் எதுவாயினும், அச்சொல்லைத் தாங்கியவளின் பெருமையே அதற்குப் பொருளை நல்கிற்று என்பதற்கு இதனினும் தெளிவான திருஷ்டாந்தம் வேண்டுவதில்லை.

இவ்விரு பெயர்களையும் ஒன்றாய்ப் பிணைத்தது ஒரு குடும்ப உறவு. மரியாளின் தாயின் பெயரை நற்செய்தி நூல்கள் நான்கும் கூறவில்லை. கிறிஸ்து சகாப்தத்தின் இரண்டாம் நூற்றாண்டிலே எழுந்து, திருமுறையிற் சேர்க்கப்படாது நின்ற ‘யாக்கோபின் முதல் நற்செய்தி’ என்னும் நூல்தான், பிள்ளையின்றி நெடுங்காலம் வருந்தி மகளைப் பெற்றவள் அன்னா என்று பகர்கின்றது. சாமுவேலின் தாயின் சரித்திரமும் பெயரும் மரியாளின் தாயின்மீது இவ்வாறு படிந்தன. கீழைத் திருச்சபையிலே முதலில் வேரூன்றிய அன்னா பக்தி மேலைநாட்டிற் பரவி, 1584-ஆம் ஆண்டிலே அவள் திருநாள் உலகத் திருச்சபை முழுவதற்கும் உரியதாக விதிக்கப்பட்டது. பிரான்சின் மேற்குக் கோடியிலுள்ள பிரெத்தாஞ் பிரதேசத்தில் அப்பக்தி சிகரம் எய்திற்று. அப்பிரதேசத்தின் கடைசிச் சுதந்திர அரசியாக விளங்கி, எட்டாம் சார்லஸ், பன்னிரண்டாம் லூயி என்னும் இரு பிரெஞ்சு மன்னரை அடுத்தடுத்து மணந்து 1514-இல் காலஞ்சென்ற ஆன் சீமாட்டியின் பெயரும், 1625-இல் நிக்கோலாசிக் என்னும் குடியானவன் தன் வயலிலே கண்டெடுத்த பழைய அன்னாள் சுரூபத்தால் யாத்திரைத் தலமாகிய சேந்த்-ஆன்-தோரே என்னும் ஊரின் புகழும், அப்பெயரை மக்களின் நாவிலே நிலைநிறுத்தின.

தாயின் பெயரை முன்னும் மகளின் பெயரைப் பின்னுமாக வைத்து, இருவரின் ஆதரவையும் ஒரே குழந்தைக்கு வேண்டிக்கொள்ளும் ஆன்-மரி என்னும் நாமம் இச்சூழ்நிலையிலே தோன்றியதில் வியப்பில்லை. புனிதரின் பெயரையே ஞானஸ்நானத்திலே இடவேண்டும் என்று 1545 முதல் 1563 வரை கூடிய திரெந்து சங்கத்தின் பின் வற்புறுத்தப்பட்டமையால், பெயர்களின் தொகை சுருங்கி, ஒரே ஊரிலே மரி என்னும் பெயருடைய பெண்கள் பலராயினர். அவர்களை வேறுபடுத்துவதற்கு இன்னொரு பெயர் இன்றியமையாததாயிற்று. மரி-தெரேஸ், மரி-லூயிஸ், மரி-க்ளேர் முதலியன அவ்வாறு பெருகின. ஆண்களுக்கும் மரியாளின் பெயரைத் துணையாகச் சூட்டும் வழக்கம் அந்நாட்டில் உண்டு. வொல்தேர் என்று உலகம் அறிந்த அறிஞரின் இயற்பெயர் பிரான்சுவா-மரி அருவே. பெயரின் இரு பகுதிகளுக்கும் இடையே நிற்கின்ற சிறு கோட்டைப் பிரெஞ்சுப் பதிவேடுகள் மிகக் கருத்தோடு பேணும். கோடு இருப்பின் அது பிரிக்கலாகாத ஒரே பெயர், கோடு இன்றேல் ஒன்றன்பின் ஒன்றாக வரும் வெவ்வேறு பெயர்கள் எனக் கொள்ளப்படும். நாட்காட்டியிலுள்ள பெயர்களையும் பண்டைச் சரித்திர புருஷரின் பெயர்களையும் அன்றி வேறு பெயர் இடலாகாது என்று 1803-இல் இயற்றப்பட்ட சட்டம் இத்தகைய பெயர்களுக்கு மேலும் அரண் செய்தது. பெற்றோருக்கு ஏறக்குறைய முழுச் சுதந்திரம் கிடைத்தது 1993-ஆம் ஆண்டுச் சட்டத்தினாலேதான். ஆன், மரி என்னும் இரு பெயர்களும் இடம் மாறி நின்ற மரி-ஆன் என்பது சாதாரண மக்களிடையே மிகப் பரவி, மரியான் என்று ஒரே சொல்லாய் உருகி, 1792-இல் தென்பிரான்சின் ஒக்சித்தான் மொழியிலே எழுந்த ஒரு பாட்டில் குடியரசையே குறிப்பதாயிற்று. பெண் மகளுக்கு இட்ட இரட்டைப் பெயர் ஒரு தேசத்தின் திருவுருவத்துக்குப் பெயராக உயர்ந்தது இவ்வாறுதான்.

இந்நாமம் தமிழகத்துக்கு வந்த சரித்திரத்திலே முதலிற் குறிக்கத்தக்கவர் ஆன்-மரி ஜாவுஹே அம்மையார். பர்கண்டி நாட்டின் ஒரு குடியானவக் குடும்பத்தில் 1779-இல் பிறந்து, வீட்டிலே ஆன் என்னும் பெயரின் செல்ல வடிவமாகிய நானெத் என்று அழைக்கப்பெற்ற இவர், 1807-இல் தம் உடன்பிறந்த சகோதரியர் மூவரும் சேர்ந்திருந்த சிறு கூட்டத்தோடு துறவு ஏற்று, பின்னர் க்ளூனி நகர்ப் புனித சூசையப்பர் சபை என்று வழங்கலான கன்னியர் சபையை ஸ்தாபித்தார். அடிமை வாழ்விலிருந்து மீட்கப்பட்ட ஆபிரிக்க மக்களுக்காகப் பிரெஞ்சுக் கயானாவின் மானா என்னும் இடத்திலே அவர் உழைத்த உழைப்பு அக்காலத்திலேயே பிரசித்தமாயிற்று. அவருடைய சபையின் கன்னியர் புதுச்சேரியில் வந்து இறங்கியது 1827-இல். அவர்கள் நடத்திய பாடசாலைகளும், இன்றும் அந்நகரிலே பெண்கள் பூவேலைத் தையலிற் சிறந்து விளங்கும் க்ளூனி எம்பிராய்டரி நிலையமும், ஸ்தாபகரின் பெயரையும் புதுவை மகளிரின் செவிக்குப் பழக்கப்படுத்தியிருக்க வேண்டும். 1851-இல் மறைந்த அவருக்கு 1950-இல் முத்திப்பேறு பெற்றவர் என்னும் பட்டம் அருளப்பெற்றது.

புதுச்சேரியிலே 1881-ஆம் ஆண்டு செப்டம்பர் 21-ஆந் திகதிய ஆணையின்படி, தம் குலாசாரச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்தை ஏற்றவர்கள் குடும்பப் பெயர் ஒன்றையும் தேர்ந்து பதிவு செய்தனர். பிரெஞ்சு மரபின் பெயர்கள் தமிழ்க் குடும்பங்களிலே நுழைவதற்கு அதுவும் ஒரு வாயிலாயிற்று. ஒரே பெயர் எத்தனை வழியாக நம்மிடம் வந்தது என்பதைச் சொல்லின் உருவமே காட்டும். மரியா, மரியாள் என்பன போர்த்துக்கேயர் காலத்தும் இலத்தீன் வழிபாட்டின் வழியாகவும் வந்தவை. மரி என்பது பிரெஞ்சு உச்சரிப்புக்கு அண்மையது. மேரி என்பது ஆங்கிலேயர் தந்தது. பழைய செப நூல்களிலே காணும் மரியாயி என்னும் வடிவத்தில், தாயைக் குறிக்கும் ‘ஆயி’ என்னும் நம் சொல் ஒட்டிக்கொண்டு, வந்தவளை வீட்டுக்காரியாக ஆக்கிவிட்டதைக் காண்கிறோம்.

இலங்கையிலே இப்பெயர் வேரூன்றியதற்குக் காரணம் இரு திருத்தலங்கள். கற்பிட்டித் தீபகற்பத்தின் தலவிலவிலே அன்னம்மாளுக்கு உரிய ஆலயத்துக்கு மார்ச், ஆகஸ்ட் மாதங்களிலே யாத்திரிகர் திரள்வர். ஒல்லாந்தரின் கெடுபிடிக்கு அஞ்சி மாந்தையிலிருந்து 1670-இல் எடுத்துச் செல்லப்பட்ட சுரூபத்தால் மடு, மரியாளின் தலமாயிற்று. அங்குள்ள பெரிய கோவிலை 1872-இல் கட்டத் தொடங்கியவர் பிரெஞ்சுக்காரராகிய பொன்ஜான் ஆண்டகை. போர்தோ நகரத்துத் திருக்குடும்பக் கன்னியர் யாழ்ப்பாணத்தை அடைந்தது 1862-இல். தாய்க்குத் தலவிலவும் மகளுக்கு மடுவும் என்று இருவரையும் தரிசிக்கும் இத்தீவிலே, இருவரையும் சேர்த்துக் குழந்தைக்கு அன்னமரியாள் என்று பெயரிட்டது பிரெஞ்சாரைப் பின்பற்றிய வழக்கு மட்டுமன்று. நம் மக்களின் சொந்தப் பக்தியும் அதற்கு இடந்தந்தது.

அன்னம் என்னும் சொல் தமிழர் செவியிலே ஏற்கனவே இனிமை பெற்றிருந்தது. ஹம்சம் என்னும் வடசொல்லின் தமிழ் வடிவமாகிய பறவையின் பெயரும், சோற்றைக் குறிக்கும் வடமொழி அன்னமும், தாயைக் குறிக்கும் அன்னையும் ஆகிய மூன்று வேறு சொற்கள் ஒலியால் ஒத்து நிற்க, அவற்றின் நடுவே எபிரேய ஹன்னா வந்து அமர்ந்தபோது அவளை அயலாள் என்று எவரும் எண்ணவில்லை. அன்னம்மாள் என்னும் பெயர் அதன் பின் இந்துக் குடும்பத்துப் பெயரோ, கத்தோலிக்கக் குடும்பத்துப் பெயரோ என்று பிரித்தறிய இயலாதபடி பொதுச்சொத்தாயிற்று. ஆயினும், ஒலி ஒற்றுமையை மட்டும் நம்பி மரியையும் மாரியையும் ஒரே சொல்லென்று கூறுவோரின் கூற்றை ஏற்பதற்கில்லை. மாரி மழையைக் குறிக்கும் தமிழ்ச்சொல். மரி எபிரேய மிர்யாமின் குறுக்கம். இவ்விரண்டும் மக்களின் அன்பினால் ஒரே முற்றத்திலே கூடியவை, பிறப்பினால் அல்ல.

பெயரின் கட்டமைப்பிலேயும் ஓர் உண்மை உண்டு. மரி சேர்ந்த பிரெஞ்சு இரட்டைப் பெயர்களிற் பெரும்பாலானவற்றில் அச்சொல் முன்னே நின்று, வேறுபடுத்தும் சொல் பின்னே வரும். தமிழின் தொகையிலே தலைமைச் சொல் ஈற்றில் நிற்பதே முறை. ஆரோக்கியமேரி, சகாயமேரி, லூர்துமேரி என்று நாம் வழங்குவனவும், முத்துமாரி என்பதும் அந்த முறைக்கு உட்பட்டவை. லக்கலப் பகுதியின் ரன் மெனிக்கேயும் அதே வரிசையை உடையது. மரியை ஈற்றில் வைத்த ஆன்-மரி பிரெஞ்சிலே பிறந்தும் நம் இலக்கணத்துக்கு இயல்பாக ஒத்து வந்தமையால், அது மாற்றம் ஏதுமின்றி அன்னமரியாகத் தமிழிலே நின்றுவிட்டது. மரி-தெரேஸ் என்பதோ ‘மரியதிரேசா’ என்று, நம் வழக்கத்துக்கு மாறான வரிசையோடேயே வந்து சேர்ந்தது.

ஆகவே, இரட்டைப் பெயர் அலங்காரத்துக்காக ஏற்பட்டதன்று; ஒரு தாயின் துயரமும் ஒரு மகளின் மேன்மையும், அல்லது ஒரு குலத்தின் கௌரவமும் ஒரு குழந்தையின் செல்லமும், பிரியாது ஒன்றி நிற்பதே அதன் தத்துவம். இன்று பதிவேடுகளிலும் பாடசாலை இடாப்புகளிலும் அன்னமேரி ஓரிடத்தில் ஒரு சொல்லாயும், மற்றோரிடத்தில் இரண்டாகப் பிளவுண்டும், வேறோரிடத்தில் முற்பகுதி வெறும் தலைப்பெழுத்தாகத் தேய்ந்தும் காணப்படுவது வருந்தத்தக்கது. லக்கலப் பிரதேசத்தின் டிங்கிரி மெனிக்கேக்களும் பேத்திமாரின் பெயர்களிலே தொடர்வது அருகி வருகிறது. தம் பெண் குழந்தைக்கு இரட்டைப் பெயர் இடும் பெற்றோர் அதனை முதற் பதிவிலேயே ஒரே பெயராக எழுதுவிக்க வேண்டும். பாட்டியின் பெயர் இன்னும் நினைவிலுள்ள வீட்டார் அப்பெயர் யாரால், எதன் பொருட்டு இடப்பட்டது என்பதைக் கேட்டு எழுதி வைக்க வேண்டும். இக்கடமை நம் ஒவ்வொருவருடையதும் ஆகும்.