தோமையர் மரபும் சரித்திரச் சான்றும்

எங்கள் முத்தாண்டிக்குப்பத்தைச் சுற்றி எத்திசையில் நடந்தாலும் செம்மண் நிலத்தில் முந்திரித் தோப்புகளைக் காணலாம். நெய்வேலியில் சுரங்கம் தோண்டுவதற்கு முன்பிருந்தே இவ்வட்டாரத்து மக்களுக்குச் சோறு அளித்து வருவது முந்திரி. ஆயினும் அது நம் நாட்டு மரமன்று. 16ஆம் நூற்றாண்டில் போர்த்துகீசியர் பிரேசில் நாட்டிலிருந்து கொணர்ந்து மேலைக் கடற்கரையில் ஊன்றியது. பிறகு இங்கும் பரவியது.

கிறிஸ்தவ சமயமும் அம்முந்திரியோடு அதே கப்பலில் வந்து இறங்கியது என்று எண்ணுகிற மாணவர் பலர். வேறு சிலரோ, இயேசுநாதரின் பன்னிரு சீடருள் ஒருவராகிய தோமையர் கி.பி. 52இல் கொடுங்கல்லூரில் கரையிறங்கினார், கி.பி. 72இல் மயிலாப்பூரில் உயிர் நீத்தார் என்று, நேற்று நடந்ததைச் சொல்வது போல் ஆண்டோடு சொல்லுவர். இரண்டு கூற்றுகளையும் நான் வகுப்பறையில் கேட்டிருக்கிறேன். இரு திறத்தாரும் இப்பேச்சில் சினம் கொள்வதையும் கண்டிருக்கிறேன். சினம் எழுகின்ற இடத்தில் சான்றுகளைப் பொறுமையாக எடுத்துப் பார்ப்பதே நல்லது.

நெய்வேலியில் பழுப்பு நிலக்கரியை அடைவதற்கு முன்னர், அதன்மேல் கிடக்கும் மண்ணை அடுக்கடுக்காக அகற்றுகிறார்கள். மேலடுக்கு பிந்தியது, கீழடுக்கு முந்தியது. தோமையர் மரபின்மேலும் பல நூற்றாண்டுகளின் மண் படிந்திருக்கிறது. நாமும் மேலிருந்தே தொடங்குவோம்.

1547ஆம் ஆண்டு. சென்னைக்கு அருகிலுள்ள பரங்கிமலையின் உச்சியில் போர்த்துகீசியர் ஒரு சிற்றாலயம் எழுப்பக் கடைகால் தோண்டினர். அப்போது ஒரு கற்பலகை வெளிப்பட்டது. அதன் நடுவே சிலுவை. சிலுவையின் மேல் இறங்கி வருகின்ற புறா. சுற்றிலும் வளைவாக எவருக்கும் விளங்காத எழுத்துகள். உள்ளூர்ப் பண்டிதர் ஒருவரை அழைத்துப் படிக்கச் சொன்னார்கள். அவரும் தோமையரின் வரலாற்றையும் மரணத்தையும் விரித்துரைக்கும் நீண்டதொரு செய்தியை அந்தச் சில எழுத்துகளிலிருந்தே எடுத்துக் கொடுத்துவிட்டார்! கேட்டவர்கள் எதை விரும்பினார்களோ அது கிடைத்தது. ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகள் கழித்து, 1873இல், பர்னல் என்னும் அறிஞர் அவ்வெழுத்துகள் பஹ்லவி, அஃதாவது பழைய பாரசீக எழுத்துகள் என்று நிறுவினார். அதன் வாசகத்தைப் பற்றி அறிஞரிடையே இன்னும் கருத்து வேறுபாடு உண்டு. ஆனால் அது தோமையரின் வரலாறு அன்று. ஒரு சிறிய மன்றாட்டு. எழுத்தமைதியைக் கொண்டு அக்கல்லை ஏழாம் நூற்றாண்டுக்கும் ஒன்பதாம் நூற்றாண்டுக்கும் இடைப்பட்டதாக மதிப்பிடுவர். இதே வகைச் சிலுவைகள் கேரளத்தில் கோட்டயம் முதலிய ஊர்களிலும் உள்ளன. இலங்கையின் அநுராதபுரத்தில் 1912இல் கிடைத்த சிலுவைச் சிற்பமும் இவற்றோடு உறவுடையதே.

ஆகவே, தோமையருக்குச் சான்றாகக் காட்டப்பட்ட கல் தோமையரைக் குறிக்கவில்லை. ஆனால், போர்த்துகீசியர் வருவதற்கு ஐந்நூறு ஆண்டுகளுக்கும் முன்பே பாரசீகத்தோடு தொடர்புடைய கிறிஸ்தவர் பரங்கிமலையில் வழிபட்டனர் என்பதை ஐயமின்றிக் காட்டிவிட்டது. முந்திரியோடு வந்த மதம் என்ற கூற்று இந்த ஒரு கல்லாலேயே வீழ்ந்துவிடுகிறது.

போர்த்துகீசியரைப் பற்றி இன்னொன்றும் சொல்லவேண்டும். மலைநாட்டில் அவர்கள் கண்ட கிறிஸ்தவர் சிரியாக் மொழியில் வழிபட்டனர். மேற்காசியாவிலிருந்து வந்த ஆயர்களின் கீழ் இருந்தனர். உரோமாபுரியின் ஆணையை அறியார். 1599இல் கோவாவின் பேராயர் மெனேசிஸ் உதயம்பேரூரில் ஒரு சங்கம் கூட்டி, அவர்களுடைய சிரியாக் நூல்களைத் திருத்தவும் எரிக்கவும் கட்டளையிட்டார். அந்நெருப்பில் எத்தனை பழைய ஏடுகள் போயின என்று எண்ணும்போது, சரித்திரம் பயில்பவனுக்கு மனம் பதைக்கும். தங்கள் சமயத்தின் கீழ்நாட்டுத் தொன்மையைக் கண்டு மகிழ்ந்தவர்களே அத்தொன்மைக்குரிய ஆவணங்களையும் அழித்தார்கள். அம்மக்கள் 1653இல் மட்டாஞ்சேரியில் ஒரு சிலுவையைப் பற்றி நின்று எதிர்ப்புறுதி ஏற்றது தனிக் கதை.

அடுத்த அடுக்கு பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதி. வெனிஸ் நகரத்து மார்க்கோ போலோ சோழமண்டலக் கரைக்கு வந்த காலம். தோமையரின் கல்லறை இக்கரையில் ஒரு சிற்றூரில் உள்ளது என்றும், கிறிஸ்தவரோடு முகம்மதியரும் அங்கே யாத்திரை செல்கின்றனர் என்றும், அவ்விடத்துச் செம்மண்ணைக் காய்ச்சலுக்கு மருந்தாகக் கொண்டு போகின்றனர் என்றும் அவர் குறித்தார். தோமையர் இறந்த விதத்தையும் கூறுகிறார்: காட்டில் வழிபாட்டில் இருந்தவரைச் சுற்றி மயில்கள் நின்றன, மயிலை நோக்கி வேடன் எய்த அம்பு தவறி அவர்மீது பாய்ந்தது. மயிலாப்பூர் என்ற பெயரை அறிந்த தமிழ் மாணவருக்கு, ஊர்ப்பெயரிலிருந்து கதை முளைத்த விதம் உடனே புலப்படும் என்று நினைக்கிறேன். ஏனெனில் இதற்கு ஆயிரம் ஆண்டு முற்பட்ட நூலொன்று அவர் ஓர் அரசனின் ஆணையால் ஈட்டியால் குத்தப்பட்டு இறந்தார் என்கிறது.

இன்னும் கீழே செல்வோம். கி.பி. 849இல், சேர மன்னன் தாணு இரவியின் ஐந்தாம் ஆட்சியாண்டில், வேணாட்டை ஆண்ட அய்யனடிகள் திருவடிகள் கொல்லத்திலிருந்த தரிசாப்பள்ளி என்னும் கிறிஸ்தவக் கோயிலுக்கு நிலமும் குடிகளும் உரிமைகளும் வழங்கினார். அப்பள்ளியைக் கட்டியவர் மருவான் சபிரீசோ. அக்கொடையைப் பொறித்த செப்பேடுகள் இன்றும் கேரளத் திருச்சபையினரிடம் பாதுகாப்பாக உள்ளன. வட்டெழுத்தில், மலையாளம் தனிமொழியாகப் பிரிந்துகொண்டிருந்த காலத்துத் தமிழ்நடையில் அவை எழுதப்பட்டவை. கல்வெட்டுப் பயிற்சியுள்ள தமிழ் மாணவர் முயன்றால் பொருள் காணலாம். பண்டங்களை நிறுக்கின்ற தராசின் உரிமையும், வரி விலக்கும், அஞ்சுவண்ணம், மணிக்கிராமம் என்ற வணிகக் குழுக்களின் பெயர்களும் அவற்றில் வருகின்றன. இவையெல்லாம் கடைவீதிச் செய்திகள். கோயிலுக்குக் கொடுத்த செப்பேட்டில் தராசு எதற்கு என்று கேட்டால், அச்சமயத்தைக் கொண்டு வந்தவர் யார் என்பதற்கு விடை கிடைத்துவிடும்.

அச்செப்பேட்டின் சாட்சிக் கையொப்பங்களோ எனக்கு எப்போதும் வியப்பளிப்பவை. சிலர் அரபு எழுத்தில் ஒப்பமிட்டனர்; சிலர் பஹ்லவியில்; சிலர் எபிரேய எழுத்தைக் கொண்டு பாரசீக மொழியில் எழுதினர். இந்து அரசன் ஒருவன் கிறிஸ்தவக் கோயிலுக்கு அளித்த கொடைக்கு இசுலாமியரும் யூதரும் சொராஸ்திரரும் சாட்சியாக நின்ற துறைமுகம் ஒன்பதாம் நூற்றாண்டில் நம் கரையில் இருந்தது!

அதற்கும் முந்நூறு ஆண்டுகள் முன்பு, கி.பி. 550ஐ ஒட்டி, அலெக்ஸாந்திரியாவைச் சேர்ந்த காஸ்மாஸ் என்னும் வணிகர் கிரேக்க மொழியில் ஒரு நூல் இயற்றினார். உலகம் தட்டையானது என்று நிறுவ முனைந்த நூல் அது. அதில் அவர் கூறும் பூகோளத்தை நாம் தள்ளிவிடலாம். வணிகர் என்ற முறையில் கூறும் செய்தியைத் தள்ளவேண்டியதில்லை. இலங்கையில் பாரசீகக் கிறிஸ்தவரின் கோயில் உண்டு, அதன் குருமார் பாரசீகத்திலிருந்து வருவர். மிளகு விளையும் மலே நாட்டிலும் ஒரு கோயில் உண்டு. கல்யாண் துறையில் பாரசீகத்தில் நியமனம் பெற்ற ஆயர் இருக்கிறார் என்கிறார் அவர். தென்னாட்டுத் திருச்சபையைப் பற்றித் தெளிவான எழுத்துச் சான்று தொடங்குவது இங்கேதான்.

இனி மூன்றாம் நூற்றாண்டின் தொடக்கம். இன்றைய துருக்கியின் தென்கிழக்கிலுள்ள எடெஸ்ஸா நகரில் 'தோமையரின் செயல்கள்' என்னும் நூல் சிரியாக் மொழியில் தோன்றியது. ஈட்டியால் இறந்த செய்தியைச் சொல்லும் நூல் இதுவே. இந்தியா செல்ல மறுத்த தோமையரை இயேசுவே ஒரு வணிகனுக்கு அடிமையாக விற்றுவிடுகிறார். தச்சு வேலையும் கல் வேலையும் அறிந்த அவர் குந்தபார் என்னும் அரசனை அடைகிறார். அரண்மனை கட்டக் கொடுத்த பொன்னையெல்லாம் ஏழைகளுக்கு வாரி வழங்கிவிட்டு, "உன் அரண்மனை விண்ணுலகில் எழுந்துவிட்டது" என்கிறார். படிக்கச் சுவையான கதை. புராணம் என்று இதை ஒதுக்கியவர் பலர். குந்தபார் என்ற அரசனே இருந்ததில்லை என்று எண்ணியவரும் உண்டு.

1830களில் ஆப்கானிஸ்தானத்திலும் பஞ்சாபிலும் பழங்காசுகள் ஏராளமாக அகப்பட்டன. அவற்றில் கொந்தபர்னஸ் என்ற பார்த்திய மன்னனின் பெயர் தெளிவாகப் பொறிக்கப்பட்டிருந்தது! பின்னர் தக்தி-பாஹி என்னுமிடத்துக் கல்வெட்டும் கிடைத்தது. அவன் கி.பி. முதல் நூற்றாண்டில் சிந்துவெளியை ஆண்டவன். அவன் மறைந்து ஒரு நூற்றாண்டுக்கு மேல் ஆகியும், வெகு தொலைவிலிருந்த எடெஸ்ஸாவில் ஒருவர் அவன் பெயரை அறிந்திருந்தார். வணிக வழியே ஏதோ ஓர் உண்மை நினைவு அங்கே சென்றிருத்தல் வேண்டும். ஆனால் இதிலும் நிதானம் தேவை. அரசன் உண்மை என்பதால் அவன் அவையில் நடந்ததாகச் சொல்லும் அனைத்தும் உண்மையாகிவிடாது. மேலும், குந்தபாரின் நாடு வடமேற்கு. மயிலாப்பூரின் பெயரோ கொடுங்கல்லூரின் பெயரோ அந்நூலில் இல்லை. 52, 72 என்ற ஆண்டுகளும் அதில் இல்லை. அவை பிற்கால மரபில் வருவன.

கடைசி அடுக்கு கி.பி. முதல் நூற்றாண்டு. அப்போது இச்சமயம் எந்நிலையில் இருந்தது? பொந்தியு பிலாத்து கி.பி. 26 முதல் 36 வரை யூதேயாவை ஆண்டார். அவர் ஆணையால் இயேசு சிலுவையில் அறையப்பட்டார். முதல் அடியார் அனைவரும் யூதர். புதுமதம் தொடங்குவதாக அவர்கள் எண்ணவில்லை. நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய கிறிஸ்தவ எழுத்துகள் கி.பி. 50ஐ ஒட்டித் தொடங்கும் பவுலின் கடிதங்களே; நற்செய்தி நூல்கள் அவற்றிற்குப் பிற்பட்டவை. உரோமில் 64இல் நேர்ந்த பெருந்தீக்குப் பின் நீரோ கிறிஸ்தவரை வதைத்ததை டாசிட்டஸ் எழுதுகிறார். 112ஐ ஒட்டி, இன்றைய துருக்கியின் ஒரு பகுதியை ஆண்ட பிளினி, இவர்களை என்ன செய்வது என்று பேரரசன் டிராஜனுக்கு ஓலை விடுக்கிறார். எண்பது ஆண்டுக்குள் ஒரு சிறு கூட்டம் அவ்வளவு தூரம் பரவிவிட்டது. பரப்பியவர்கள் கப்பலிலும் பெருவழியிலும் சென்ற வணிகரும் தொழிலாளருமே. பவுலே கூடாரத் தொழில் செய்தவர். ஐரோப்பாவை நோக்கி மேற்கே சென்ற கிளையைத்தான் நம் பாடநூல்கள் பேசுகின்றன. எடெஸ்ஸா வழியாகப் பாரசீகத்திற்குக் கிழக்கே சென்ற கிளையும் அதற்கு இளைத்ததன்று. நம் கரையை முதலில் தொட்டது அக்கிளையே.

சரி, முதல் நூற்றாண்டில் பாலஸ்தீனத்திலிருந்து ஒருவர் தமிழகம் வந்திருக்க இயலுமா? தாராளமாக இயலும். எங்கள் ஊரிலிருந்து ஒரே நாளில் போய்த் திரும்பக்கூடிய தொலைவில், புதுச்சேரிக்குத் தெற்கே, அரிக்கமேடு இருக்கிறது. 1945இல் மார்ட்டிமர் வீலர் அங்கே அகழ்ந்தபோது இத்தாலி நாட்டு அரெட்டைன் மட்கலங்களும், மத்தியதரைக் கடல் நாடுகளின் மதுச் சாடிகளும் வெளிவந்தன. எகிப்தின் ஒரே துறையிலிருந்து ஆண்டுக்கு 120 கப்பல்கள் இந்தியாவுக்குப் புறப்பட்டன என்று ஸ்டிராபோ எழுதியது கிறிஸ்து பிறந்த காலத்தை ஒட்டி. தென்மேற்குப் பருவக்காற்றைத் துணைக்கொண்டு வந்த கப்பல்கள் அவை.

எனவே தோமையர் வந்தார் என்பதற்கு முதல் நூற்றாண்டுச் சான்று எதுவும் இல்லை. வந்திருக்க முடியாது என்பதற்கும் இல்லை. பாதை மெய்ப்பிக்கப்பட்டுவிட்டது, பயணி மெய்ப்பிக்கப்படவில்லை என்பதே என் முடிபு. அம்மரபைத் தம் உயிரெனப் போற்றும் மக்கள் பல நூற்றாண்டுகளாக அதைக் காத்து வந்தது மட்டும் தனியே ஒரு சரித்திர உண்மை. அதனை எள்ளுவதற்கு ஆய்வாளனுக்கு உரிமையில்லை.

வியன்னா நகரத்து நூலகத்தில் இரண்டாம் நூற்றாண்டைச் சேர்ந்த பாப்பிரஸ் தாள் ஒன்று இருக்கிறது. 1985இல் அது பதிப்பிக்கப்பட்டது. முசிறியிலிருந்து எகிப்துக்குச் சரக்கு ஏற்றிச் சென்ற ஹெர்மபொல்லோன் என்னும் கப்பலைப் பற்றியது. கங்கை நாட்டுச் சடாமாஞ்சில், யானைத் தந்தம் முதலிய சரக்குகளின் எடையும் விலையும் அதில் நுணுக்கமாகக் கணக்கிடப்பட்டுள்ளன. அக்கப்பலில் ஏறிய மனிதர்களின் பெயர்கள் மட்டும் அதில் எழுதப்படவில்லை.