வன்னிஹாமியின் மறுப்பு: ஜோ அபேவிக்ரமவின் நடிப்புத் தொடர்ச்சி குறித்து

ஜோ அபேவிக்ரமவின் (1927–2011) திரைவாழ்வை இரண்டாக வெட்டிப் பார்ப்பது வழக்கமாகிவிட்டது. 1950களின் பிற்பகுதியில் தொடங்கிய சிரிப்பு நடிகர் ஒருவர்; 1971 இல் ‘வெலிகத்தர’ படத்தின் கோரிங் முதலாளியோடு பிறந்த குணசித்திர நடிகர் இன்னொருவர். இந்தக் கணக்கின்படி, பிரசன்ன விதானகே 1997 இல் எடுத்த ‘புரஹந்த களுவர’வின் வன்னிஹாமிதான் இரண்டாமவரின் சிகரம், கோமாளியின் உடலை அவர் முற்றாகக் கழற்றி வைத்த இடம். என் வாசிப்பு இதற்கு நேரெதிர்.

பார்வையற்ற வன்னிஹாமியின் வீட்டுக்கு, இராணுவத்தில் சேர்ந்த மகனின் பிரேதப்பெட்டி முத்திரையிட்டு வருகிறது. திறக்கக்கூடாது என்பது உத்தரவு. அடக்கமும் முடிகிறது. ஆனால் ஓர் இலட்சம் ரூபாய் நட்டஈட்டுக்குரிய படிவத்தில் கையொப்பமிடக் கிழவர் மறுக்கிறார். இந்த மறுப்பைப் பிள்ளைப்பாசம் என்றும், சாவை ஏற்காத மனத்தின் தற்காப்பு என்றுமே இதுவரை விளக்கியிருக்கிறார்கள். கதைச்சுருக்கத்தை மட்டும் வைத்துப் பேசினால் அதில் பிழை காண்பது கடினம். நடிப்பைப் பார்த்தால் வேறொன்று தெரிகிறது.

துயரத்தைக் காட்ட எத்தனை வழிகள் உண்டோ அத்தனையையும் அபேவிக்ரம தவிர்க்கிறார். முகம் நெகிழ்வதில்லை, குரல் உடைவதில்லை. மற்றவர்கள் பேசிக்கொண்டிருக்க, அவர் கேட்டுக்கொண்டிருக்கிறார். மௌனம் நீள நீளச் சங்கடப்படுவது அவரல்ல, எதிரே நிற்பவர். சிரிப்பு நடிகர்களின் பழைய கைச்சரக்கு இது: பதிலைப் பிந்தவிட்டு அடுத்தவரை அவருடைய சொல்லிலேயே சிக்கவைப்பது. ‘சரவிட்ட’ (1965) படத்தின் வெற்றிலைக்காரனிடம் அந்தத் தாமதம் சிரிப்பை வரவழைத்தது. இங்கே அரச காகிதத்தின் அதிகாரத்தைக் குறைக்கிறது. சிரிப்பு நடிகருக்குக் கண்தான் முதல் ஆயுதம். வன்னிஹாமியின் குருடு அதைப் பறித்துக்கொண்டதால், தாமதம் ஒன்றே மிஞ்சி முழுப் பாரத்தையும் சுமக்கிறது. அவரிடம் நான் காண்பது நம்பிக்கையைவிடச் சந்தேகத்தையே. பெட்டிக்குள் இருப்பதைக் காட்டாமல் கையொப்பம் கேட்பவனை எந்த விவசாயி நம்புவான்?

படத்தின் வற்றிய குளமும் இப்படித்தான் தவறாக வாசிக்கப்பட்டது. அதைப் போரின் குறியீடாகவும் இறுதி மழையை அருளாகவும் கொள்வோர், உலர்வலயத்தின் நாட்காட்டியைப் புரட்டவில்லை போலும். கலேவெலப் பகுதியில், தேவஹுவ போன்ற குளங்களை நம்பி வயல் செய்யும் எவருக்கும் சிறுபோகம் முடிந்து தெரியும் குளத்தின் அடிமண் புதுமையல்ல. ஐப்பசியில் மழை வரும், பெரும்போகம் தொடங்கும். வன்னிஹாமியின் காத்திருப்பு தவணை தெரிந்தவனின் காத்திருப்பு. காலம் கனிந்ததும் அவர் மண்வெட்டியை எடுக்கிறார், புதைகுழி தோண்டப்படுகிறது. பெட்டிக்குள் வாழைத்தண்டும் கல்லும். அவருடைய சந்தேகம் வீண்போகவில்லை.

குறியீடு என்பதற்கு இயக்குநரின் நோக்கமே சான்று எனலாம். நோக்கம் எதுவானாலும் திரையில் நிற்பது நடிகரின் உடல். நீண்ட காட்சிகளே அந்த மௌனத்தை உண்டாக்கின என்ற வாதமும் உண்டு. அதே காட்சிகளில் உடனிருக்கும் மற்றவர்களிடம் அந்தக் கனம் ஏன் இல்லை என்பதற்கு அதில் விடையில்லை.

இந்த நடிப்புத் தொடர்ச்சிக்கு இன்னும் வலுவான சான்று லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘பெத்தேகம’ (1980). லெனாட் வுல்ஃப் 1913 இல் வெளியிட்ட நாவலின் வேட்டைக்காரன் சிலிந்துவாக அபேவிக்ரம. நீதவானாக ஆதர் சி. கிளார்க். தனக்குப் புரியாத மொழியில் நடக்கும் விசாரணையின் முன் நிற்கும் சிலிந்துவும், படிவத்தின் முன் இருக்கும் வன்னிஹாமியும் அதிகாரத்தை எதிர்கொள்ளும் முறை ஒன்றே: மந்தம் போலத் தோன்றும் ஒரு கவனம். சிலிந்து கொலைக்குப் போனான், வன்னிஹாமி மண்வெட்டிக்குப் போனார் என்ற வேறுபாடு பெரிதுதான். ஆனால் அது கதையாசிரியர்களின் வேறுபாடு.

2000 இல் அரசு ‘புரஹந்த களுவர’வைத் தடைசெய்ததையும், மறு ஆண்டு உயர் நீதிமன்றம் அதை விடுவித்ததையும் இங்கே விரித்துரைக்கத் தேவையில்லை. ஆயினும் அந்த வழக்கின் நிழலில் படம் அரசியல் ஆவணமாகவே பேசப்பட்டு, நடிப்பு பின்தள்ளப்பட்டது என்று எண்ண இடமுண்டு. அதற்கு முன்பே, 1999 இல், சிங்கப்பூர்த் திரைப்பட விழா அபேவிக்ரமவுக்குச் சிறந்த நடிகர் விருது வழங்கியிருந்தது. அதுவும் இந்த நிலைமையைப் பெரிதாக மாற்றவில்லை.

எனவே ‘வெலிகத்தர’வைத் திருப்புமுனை என்று எழுதுவதை விட்டுவிடலாம். யாழ்ப்பாணத்து மணற்காட்டில் பொலிஸ் அதிகாரியோடு மோதும் கோரிங் முதலாளியிடம் நம்மை அச்சுறுத்துவதும் பதில் சொல்ல அவர் எடுத்துக்கொள்ளும் அந்த நேரமே. அதை அவர் வெற்றிலைத் தட்டோடு அலைந்த நாட்களிலேயே பழகியிருந்தார்.