கெதரோன் பள்ளத்தாக்கின் தவசிகள்

எருசலேமுக்குக் கிழக்கே சாக்கடலை நோக்கிச் சரிந்து செல்லும் யூதேயப் பாலைவனம் ஒரு நாள் நடையில் கடந்துவிடத்தக்க சிறு பிரதேசமே எனினும், மேற்கே மலைமுகட்டில் ஆண்டுக்கு 500 மில்லிமீட்டருக்கு மேல் பெய்கின்ற மழை கீழே கடலோரத்தை எட்டுமுன் 100 மில்லிமீட்டருக்கும் குறைவாக வற்றிப்போவதால், அங்கே தங்கி வாழ நினைப்பவன் முதலில் நீருக்கு வழி தேடியே ஆக வேண்டும். பைசாந்தியச் சக்கரவர்த்திகளின் காலத்தில் இந்த வறண்ட நிலத்தில் அறுபதை ஒட்டிய துறவி மடங்கள் எழுந்து செழித்திருந்தன என்பதை எண்ணும்போது, அத்துறவிகளுடைய பக்தியோடு அவர்களுடைய நீரறிவையும் சேர்த்தே போற்றத் தோன்றுகிறது.

அவர்களுள் தலையாயவர் கப்பதோக்கியா நாட்டில் 439ஆம் ஆண்டு பிறந்து, இளமையிலேயே பாலஸ்தீனம் வந்து சேர்ந்த புனித சாபா. ஐந்து ஆண்டுகள் குகையொன்றில் ஏகாந்தமாயிருந்து, வாரத்துக்கு 50 கூடைகள் முடைந்து வார இறுதியில் மடத்துக்குச் சுமந்து சென்ற அவர், பின்னர் கெதரோன் பள்ளத்தாக்கின் செங்குத்தான பாறைச் சுவரில் குடியேறி, சீடர்கள் வந்து கூடத் தொடங்கிய 483ஆம் ஆண்டில் தமது பெரிய மடத்தை நிறுவினார். வாரநாட்களில் ஒவ்வொருவரும் தத்தம் குகையில் தனித்திருந்து தவமும் கைத்தொழிலும் செய்வது, சனி ஞாயிறுகளில் கோவிலில் ஒன்றுகூடி வழிபட்டு ஒரே பந்தியில் உண்பது என்பதே அங்கு நிலவிய நியமம்.

நீரில்லாமல் சீடர்கள் வருந்திய காலத்தில், முழுநிலா இரவொன்றில் பிரார்த்தனையில் இருந்த சாபா, பள்ளத்தாக்கின் அடியில் ஒரு காட்டுக்கழுதை குளம்பால் மண்ணைப் பறித்து நீர் அருந்தக் கண்டு, அவ்விடத்தைத் தோண்டச் செய்து ஊற்றைப் பெற்றார் என்று அவருடைய சரித்திரம் எழுதிய சிரில் கூறுகிறார். சாபாவைச் சிறுவயதில் நேரில் கண்டவர் சிரில். வருஷங்களையும் ஊர்களையும் தூரங்களையும் அவர் குறித்துவைத்த நுட்பம் பிற்கால ஆராய்ச்சியாளருக்குக் கைவிளக்காயிற்று. 1928ஆம் ஆண்டு டெர்வாஸ் சிட்டி என்ற ஆங்கிலப் பாதிரியார், சாபாவின் குருவான யூதிமியுவின் மடத்தை அகழத் தொடங்கியபோது, சிரில் வருணித்த சமாதி மண்டபம் பூமிக்கடியில் இருக்கக் கண்டார்.

ஆனால், சரித்திரக்காரர் விரித்துரைக்காமல் விட்டதைச் சொல்வன கற்களே. 1980களில் யோசப் பாட்ரிக் என்ற அறிஞர் பெரிய மடத்தைச் சுற்றியுள்ள மலைச்சரிவுகளை ஆராய்ந்து, பள்ளத்தாக்கின் இரு கரைகளிலும் ஏறத்தாழ 2 கிலோமீட்டர் நீளத்துக்கு நாற்பதுக்கும் மேற்பட்ட துறவியர் இருப்பிடங்களைக் கண்டறிந்தார். குகைமுகத்தில் கட்டிய சுவர், வழிபாட்டு மூலை, சிறு தோட்டத்துக்கு மண் தாங்கும் வரப்பு, பாறைச் சரிவில் ஓடிவரும் மழைநீரை ஏந்திச் செல்லச் சாந்து பூசிய கால்வாய், அது சென்று விழும் நீர்த்தொட்டி ஆகியவற்றைக் காணும்போது, ஆண்டில் சில தடவையே பெய்யும் மழையின் ஒரு துளியையும் வீணாக்கலாகாது என்று பாறை பாறையாக ஆராய்ந்து வேலை செய்தவர்களின் பொறுமை நம் முன் நிற்கிறது. உலகைத் துறந்தவர் உலகியல் அறியாதவர் என்ற எண்ணம் இங்கே முற்றிலும் பொய்த்துப்போகிறது.

உலகத்தை அவர்கள் மறந்தவர்களும் அல்லர். சமாரியர் கலகத்தால் பாலஸ்தீனம் பாழ்பட்டபின், தொண்ணூறு பிராயத்தைத் தாண்டிவிட்ட சாபா 531ஆம் ஆண்டில் கான்ஸ்தாந்திநோபிள் சென்று ஜஸ்டீனியனைக் கண்டார். தமது மடங்களுக்குச் சக்கரவர்த்தி அளிக்க முன்வந்த வருமானத்தை ஏற்க மறுத்த அவர், மக்களுக்கு வரிக்கழிவும், யாத்திரிகருள் நோயுற்றோருக்கு எருசலேமில் ஒரு வைத்தியசாலையும், தொடங்கிப் பாதியில் நின்றுபோயிருந்த மாதா கோவிலின் பூர்த்தியும் வேண்டினார். மடங்களின் பொருட்டு அவர் கேட்டது கொள்ளைக்காரரிடமிருந்து காக்க ஒரு கோட்டை மட்டுமே. மறு ஆண்டு டிசம்பரில் அவர் மறைந்தார். கோவிலோ 543ஆம் ஆண்டில் நிறைவேறியது. காலப்போக்கில் இடிந்து மறைந்துபோன அக்கட்டடத்தின் நிலவறை நீர்த்தொட்டியை 1977ஆம் ஆண்டில் அகழ்ந்தவர்கள், அதன் சுவரில் ஜஸ்டீனியனின் பெயர் தாங்கிய கிரேக்கச் சாசனத்தைக் கண்டு, சிரில் எழுதியது மெய்யென்று உறுதி செய்தார்கள்.