அடைப்புக்குறிக்குள் மதுரம்

மயிலாப்பூரிலிருந்து தி. நகருக்கு வங்கி வேலைக்காகத் தினமும் பஸ்ஸில் போகிறவன் நான். கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனின் சிலையைப் பல வருஷங்களாகப் பார்த்தும் பார்க்காமலும் கடந்து போயிருக்கிறேன். போன வருஷம் அம்மாவைக் கண் டாக்டரிடம் அழைத்துப் போகும்போது ஆட்டோ அங்கே சிறிது நேரம் நின்றது. அம்மா சிலையைப் பார்த்துவிட்டு, "இவர் மட்டும் நிக்கறாரே, பக்கத்துல அந்தம்மா இல்லையேடா" என்றாள்.

சில வருஷங்களுக்கு முன் கலைவாணரைப் பற்றி ஒரு கட்டுரை எழுதியிருந்தேன். நண்பர்கள் சிலர் பாராட்டவும் செய்தார்கள். அன்றிரவு அதை எடுத்துப் படித்தேன். பதினோரு பக்கக் கட்டுரையில் டி.ஏ. மதுரத்தின் பெயர் இரண்டே இடங்களில் வந்திருந்தது. இரண்டும் அடைப்புக்குறிக்குள். '(உடன் டி.ஏ. மதுரம்)' என்று. வங்கியில் கூட்டுக் கணக்கு வைத்திருக்கும் கணவன் மனைவியைக் கூட நாங்கள் இப்படி எழுதுவதில்லை. இரண்டு பெயருக்கும் சம அந்தஸ்து உண்டு. விமர்சனம் என்ற பெயரில் நான் செய்த இந்தத் தவறு என்னுடையது மட்டுமல்ல என்பதுதான் இதை எழுதக் காரணம்.

முதலில் சரித்திரம். 1931இல் 'காளிதாஸ்' வந்து நம் சினிமா பேச ஆரம்பித்தபோது, நாடகக் கம்பெனிகள் அப்படியே ஸ்டூடியோவுக்குள் குடிபுகுந்தன. பாட்டும் வசனமும் பபூனும் கூடவே வந்தார்கள். நாடக மேடையில் நகைச்சுவை என்பது பெரும்பாலும் ஆணின் சொத்து. பாய்ஸ் கம்பெனிகளில் பெண் வேஷத்தையும் பையன்களே போட்டார்கள். கிருஷ்ணன் வளர்ந்ததும் டி.கே.எஸ். சகோதரர்களின் அப்படியொரு கம்பெனியில்தான். ஸ்பெஷல் நாடகத்தில் பபூனுக்கு எதிரே டான்ஸ்காரி என்று ஒருத்தி உண்டு. கேள்வி பதிலாகப் பேசி, எதிர்ப்பாட்டுப் பாடி, ஆடிவிட்டுப் போவாள். கூட்டம் சிரிக்கும். சிரித்த அதே கூட்டம் மறுநாள் காலையில் அவளைப் பற்றிக் கேவலமாகவும் பேசும். பொது இடத்தில் ஆணோடு சரிக்குச் சரி வாயாடுகிற பெண்ணுக்கு நம் சமூகம் கொடுத்த ஸ்தானம் அதுதான்.

இந்தப் பின்னணியில்தான் மதுரத்தின் வருகையை வைத்துப் பார்க்க வேண்டும். 1936இல் வெளியான 'வசந்தசேனா' படத்துக்காகப் புனா போன இடத்தில் கிருஷ்ணனும் மதுரமும் அறிமுகமானார்கள், மணந்துகொண்டார்கள். அதன் பிறகு 'அம்பிகாபதி' (1937), 'உத்தமபுத்திரன்' (1940), 'அசோக்குமார்', 'ஆர்யமாலா' (இரண்டும் 1941), 'கண்ணகி' (1942), 'சிவகவி' (1943) என்று வரிசையாக ஜோடி சேர்ந்து நடித்தார்கள். நகைச்சுவைப் பகுதியைக் கிருஷ்ணனின் குழுவே தனியாக எழுதி, தனியாகப் படமெடுத்து, மூலக் கதையோடு ஒட்டவைப்பது வழக்கமாயிற்று. படத்துக்குள் இன்னொரு குட்டிப் படம். பெரிய படத்தின் கதாநாயகி யாராக இருந்தாலும் குட்டிப் படத்தின் கதாநாயகி மதுரம்தான். அவள் அழுவதில்லை, சபிக்கப்படுவதில்லை, கற்பை நிரூபிப்பதில்லை. சமைக்கிறாள், சண்டை போடுகிறாள், புருஷன் சொல்வதை நம்ப மறுக்கிறாள். அரசர்களும் ரிஷிகளும் நிறைந்த அந்தப் படங்களில் சாதாரண மனுஷி நடமாடிய இடம் அது ஒன்றுதான்.

இந்தக் காட்சிகளை இரவுகளில் கைபேசியில் திரும்பத் திரும்பப் பார்த்தேன். கீறல் விழுந்த பிரதிகள், சில இடங்களில் ஒலியே இல்லை. நான் கவனித்ததைச் சொல்கிறேன். கிருஷ்ணன் ஒன்று சொல்வார். மதுரம் உடனே பதில் சொல்வதில்லை. ஒரு கணம் பார்ப்பார். அந்தப் பார்வையில் சந்தேகம் இருக்கும், ஆனால் வெறுப்பு இருக்காது. பிறகுதான் கேள்வி வரும். கொட்டகை சிரிப்பது கிருஷ்ணனின் பதிலுக்குத்தான். ஆனால் அந்தப் பதிலுக்கு வேண்டிய இடத்தை உண்டாக்கியது முன்னால் வந்த அந்த ஒரு கணம். அதை எடுத்துவிட்டால் கலைவாணர் வெறும் உபன்யாசகர். இது மிகைப்படுத்தல் என்று தோன்றினால், அவர் வேறு ஆண் நடிகர்களோடு செய்த காட்சிகளைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அங்கே வேகம் இருக்கும், கோமாளித்தனம் இருக்கும். மதுரத்தோடு இருக்கும்போது மட்டும் அவர் தான் சொல்வதை நிரூபித்தாக வேண்டியிருக்கிறது.

பி.ஏ.வில் ஷேக்ஸ்பியரின் 'ஆஸ் யூ லைக் இட்' எங்களுக்குப் பாடம். அதில் டச்ஸ்டோன் என்று ஒரு விதூஷகன், ஆட்ரி என்று ஆடு மேய்க்கும் ஒரு பெண். அவன் கவிதையைப் பற்றிப் பேச, அவள் அது என்ன, உண்மையான பொருள்தானா என்று கேட்பாள். ஆட்ரி மந்தபுத்திக்காரி, விதூஷகனின் கெட்டிக்காரத்தனத்தைக் காட்ட வந்தவள் என்றுதான் எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். நானும் அப்படியே பரீட்சையில் எழுதி மார்க் வாங்கினேன். கவிதையைப் பற்றி அந்த நாடகத்தில் கேட்கப்பட்ட மிகக் கஷ்டமான கேள்வி அவளுடையது என்பது எனக்கு மதுரத்தைப் பார்த்த பிறகுதான் உறைத்தது.

அடுத்தது குரல். நடிப்பவரே பாட வேண்டியிருந்த காலத்தில் வந்தவர் மதுரம். கே.பி. சுந்தராம்பாளும் எம்.எஸ். சுப்புலக்ஷ்மியும் திரையில் பாடிய காலமும் அதுவே. 'ஹரிதாஸ்' (1944) படத்தில் பாகவதருக்கு மனைவியாக வருகிறவர் என்.சி. வசந்தகோகிலம். கர்னாடக சங்கீதம் கேட்கிறவர்களுக்கு அவர் யார் என்று சொல்ல வேண்டியதில்லை. அதே படத்தில் மதுரமும் இருக்கிறார். வசந்தகோகிலத்தின் குரல் வார்த்தையை ஸ்வரத்தில் கரைத்துவிடும். மதுரத்தின் குரலில் வார்த்தை முழுசாக நிற்கும். பேச்சு எங்கே முடிந்து பாட்டு எங்கே ஆரம்பிக்கிறது என்று பிரித்துச் சொல்வது கஷ்டம். திண்ணையில் உட்கார்ந்து பக்கத்து வீட்டுக்காரியோடு பேசுகிறவள் சட்டென்று ராகம் போட்டால் எப்படியிருக்குமோ அப்படி. சங்கீத விமர்சகர்கள் இதைப் பாட்டென்றே ஒப்புக்கொள்ளவில்லை, சினிமா விமர்சகர்கள் காமெடியில் சேர்த்துவிட்டார்கள். இரண்டு பேருமே கேட்கவில்லை என்பது என் எண்ணம். பேச்சுத் தமிழின் ஏற்ற இறக்கத்தைக் கெடுக்காமல் பாடுவது எவ்வளவு சிரமம் என்று புதுக்கவிதை எழுதிப் பார்த்த நம்மில் சிலருக்காவது தெரிந்திருக்க வேண்டும்.

'ஹரிதாஸ்' 1944 தீபாவளிக்கு வந்தது. அந்த நவம்பரில் மஞ்சள் பத்திரிகை ஆசிரியர் லட்சுமிகாந்தன் சென்னையில் கத்தியால் குத்தப்பட்டு இறந்தார். டிசம்பரில் பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். 1945இல் ஆயுள் தண்டனை. மேல்முறையீடு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய்த் திரும்பி, 1947 ஏப்ரலில் விடுதலை. இதற்கிடையில் 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே கொட்டகையில் மூன்று தீபாவளிகளைப் பார்த்துவிட்டது. கிருஷ்ணனும் மதுரமும் திரையில் சண்டை போட, ஜனங்கள் தினமும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். கிருஷ்ணன் சிறைக்குள், மதுரம் வெளியே.

அந்த இரண்டேகால் வருஷத்தை நம் சினிமாச் சரித்திரங்கள் கிருஷ்ணனின் சிறைவாசம் என்று மட்டும் எழுதுகின்றன. அது மதுரத்தின் காலமும்தான். என்.எஸ்.கே. நாடக சபா கலைந்துவிடாமல் எஸ்.வி. சகஸ்ரநாமத்தோடு சேர்ந்து அதைக் காப்பாற்றினார். சபாவின் 'பைத்தியக்காரன்' நாடகம் கிருஷ்ணன் - பஞ்சு இயக்கத்தில் படமாயிற்று. கிழவனுக்கு இளம்பெண்ணைக் கட்டிவைக்கும் கொடுமையைப் பற்றிய கதை. சகஸ்ரநாமம், மதுரம் இவர்களோடு எம்.ஜி. ராமச்சந்திரனும் நடித்தார். எதிரே நின்று கேள்வி கேட்டே பெயர் வாங்கியவர், கேள்வி கேட்க ஆளில்லாதபோது முழுப் படத்தையும் தூக்கிச் சுமக்க வேண்டியிருந்தது. படம் முடியும் முன் கிருஷ்ணன் விடுதலையாகி வந்துவிட, அவருக்கென்று ஒரு பகுதி சேர்க்கப்பட்டது. 1947இல் படம் வெளியானது. அதைக் கலைவாணரின் மறுபிரவேசம் என்று என் பழைய கட்டுரையில் எழுதியிருந்தேன். அவர் மறுபடி பிரவேசிப்பதற்கு ஒரு வீட்டைத் திறந்து வைத்திருந்தவரைப் பற்றி ஒரு வரி இல்லை.

அதே 1947 ஜனவரியில் கொழும்பில் முதல் சிங்களப் பேசும் படமான 'கடவுணு பொரொந்துவ' வெளியானது. தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர். எடுத்தது மதுரையில் அவருடைய ஸ்டூடியோவில். பி.ஏ.டபிள்யூ. ஜயமான்னவின் நாடகக் குழு கப்பலும் ரயிலும் ஏறி வந்து நடித்துவிட்டுப் போயிற்று. கதாநாயகி ருக்மணி தேவி, இலங்கைத் தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர், பாடகி. அவருடைய கணவர் எடி ஜயமான்ன படத்தின் நகைச்சுவை நடிகர். ஆனால் திரையில் எடிக்கு ஜோடியாகச் சிரிக்க வைத்தவர் ஜெமினி காந்தா. நாடக மேடை சினிமாவுக்குக் கொடுத்த நகைச்சுவை ஜோடி என்ற அச்சு அங்கேயும் இருந்தது, ஆனால் மனைவி கதாநாயகியாகத் தனியே நின்றார். அங்கும் சரித்திரம் ருக்மணி தேவியை ஞாபகம் வைத்திருக்கும் அளவுக்கு ஜெமினி காந்தாவை வைத்திருக்கவில்லை. அழவைத்தவளுக்கு உள்ள மரியாதை சிரிக்கவைத்தவளுக்குக் கிடைப்பதில்லை, எந்தப் பாஷையானாலும்.

எதிர்வாதத்தையும் சொல்லிவிடுகிறேன். மதுரத்தின் வசனத்தை மற்றவர்கள் எழுதினார்கள், பாட்டை உடுமலை நாராயணகவி போன்றவர்கள் எழுதினார்கள், யோசனை கிருஷ்ணனுடையது, அப்படியிருக்க இவருடைய சிருஷ்டி என்ன என்று ஒரு நண்பர் கேட்டார். இன்னொன்றும் உண்டு. அண்ணாதுரை எழுதிய 'நல்லதம்பி' (1949) மாதிரியான சீர்திருத்தப் படங்களில் புருஷன் பகுத்தறிவு போதிப்பான், மனைவி தெரியாதவளாக நின்று கேட்டுத் திருந்துவாள். பெண்ணை மாணவியாக வைத்தே நம் சீர்திருத்தம் பேசிப் பழகியிருக்கிறது. இதை நான் மறுக்கவில்லை. ஆனால் அந்தப் படத்தில் விஞ்ஞானத்தைப் பற்றி இருவரும் பாடுவதைக் கேளுங்கள். பொத்தானைத் தட்டினால் இட்லியும் காப்பியும் வந்து நிற்க வேண்டும் என்று அதில் ஓர் ஆசை வருகிறது. அடுப்படியில் வெந்தவளுக்குத்தான் விஞ்ஞானம் முதலில் பயன்பட வேண்டும் என்பது அந்த வேடிக்கைக்குள் இருக்கும் வாதம். எழுதியது கவிஞர். மதுரத்தின் முகமும் குரலும் சேர்ந்தபோதுதான் அது ஒரு பெண்ணின் கோரிக்கையாயிற்று. நடிகன் விஷயத்தில் இதைச் சிருஷ்டி என்று ஒப்புக்கொள்ளும் நாம் நடிகை விஷயத்தில் மட்டும் காகிதத்தில் யார் எழுதியது என்று கேட்கிறோம்.

கிருஷ்ணன் 1957 ஆகஸ்ட் 30 அன்று காலமானார். மறு வருஷம் 'மாலையிட்ட மங்கை'யில் நகைச்சுவைப் பாத்திரத்தில் மனோரமா சினிமாவுக்கு வந்தார். பாடவும் பேசவும் சண்டை போடவும் தெரிந்த நகைச்சுவைப் பெண் ஒருத்தியை ஜனங்கள் அதற்குள் இருபது வருஷம் பார்த்துப் பழகியிருந்தார்கள். மனோரமாவைக் கொண்டாடும்போது அந்த இருபது வருஷத்தையும் சேர்த்தே நாம் யோசிக்க வேண்டும்.

தி. நகர் சிலையை 1969 பொங்கல் சமயத்தில் அண்ணா திறந்து வைத்தார். உடல் நலிந்திருந்த அவர் கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அது. பிப்ரவரி 3 அன்று அவர் இறந்தார். மதுரம் அப்போது உயிரோடு இருந்தார். 1974 மே மாதம்தான் காலமானார். நாகர்கோவிலில் கிருஷ்ணன் கட்டிய வீட்டுக்கு மதுரபவனம் என்று பெயர். தன் சிரிப்பில் யாருக்குப் பங்கு என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது. எழுத வந்த எங்களுக்குத்தான் தெரியவில்லை.

இன்னொரு சிலை வைக்கச் சொல்லி நான் கேட்கவில்லை. சிலைகளுக்கு இந்த ஊரில் பஞ்சமில்லை. என் பழைய கட்டுரையை மறுபடி எழுதிக்கொண்டிருக்கிறேன். அடைப்புக்குறிகளை எடுத்துவிட்டால் போதும் என்றுதான் முதலில் நினைத்தேன். எடுத்த பிறகு வாக்கியங்கள் நிற்கவில்லை. ஒவ்வொரு காட்சியையும் இருவருடையதாக மறுபடி பார்த்து எழுத வேண்டியிருக்கிறது. இதுவரை நான்கு பக்கம் ஆகியிருக்கிறது.