கட்ச்: பாலை நிலத்தின் தொல்கலைகள்

கட்ச், குஜராத் மாநிலத்தின் வடமேற்கு மூலையில் பாகிஸ்தான் எல்லையை ஒட்டிய வறண்ட நிலம். 45,674 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள இது, இந்தியாவிலேயே மிகப் பெரிய மாவட்டம். வடக்கிலும் கிழக்கிலும் ‘ரண்’ எனப்படும் உப்பு வெளி. மேற்கிலும் தெற்கிலும் கடல். மழைக்காலத்தில் ரண்ணில் தண்ணீர் ஏறிவிட்டால் கட்ச் ஏறக்குறைய ஒரு தீவாகிவிடும். தண்ணீர் வடிந்து வெயில் ஏறியதும் அதே இடம் கண்கூசும் வெள்ளை உப்புப் பாளமாகக் காய்ந்து கிடக்கும். மழை பொய்க்கும் ஆண்டுகள் இங்கே அதிகம். வற்றாத ஆறு என்று சொல்ல ஒன்றுமில்லை. இந்த மண்ணில் நகரம் கட்டியவர்கள், ஆடுமாடு மேய்த்தவர்கள், துணிக்குச் சாயம் ஏற்றியவர்கள் எல்லோருமே முதலில் தண்ணீருக்கு வழி தேடியவர்கள்தாம்.

கட்ச் பண்பாட்டை அறிய வருகிறவர் அருங்காட்சியகங்களோடு திரும்பிவிட்டால் பாதியைத்தான் பார்த்திருப்பார். கண்ணாடிப் பேழைக்குள் இருக்கும் கல்மணியில் எப்படித் துளையிட்டார்கள், நூறு ஆண்டுப் பழந்துணியின் சிவப்பு ஏன் இன்னும் வெளுக்கவில்லை என்ற கேள்விகளுக்கு விடை பட்டறைகளில்தான் கிடைக்கும். பட்டறையில் இன்று நடக்கும் வேலையின் வயதை அறிய மறுபடி அருங்காட்சியகத்துக்குத்தான் வர வேண்டும்.

தோலாவிரா

ரண்ணின் நடுவே காதிர் என்ற தீவுத் திட்டில் இருக்கிறது தோலாவிரா. சிந்துவெளி நாகரிகத்தின் பெருநகரங்களில் ஒன்று. 1967-68இல் ஜகத்பதி ஜோஷி இதை அடையாளம் கண்டார். 1990 முதல் ரவீந்திர சிங் பிஷ்ட் தலைமையில் இந்தியத் தொல்லியல் துறை பல ஆண்டுகள் அகழாய்வு நடத்தியது. ஏறத்தாழ கி.மு. 3000 தொடங்கி கி.மு. 1500 வரை இங்கே மக்கள் வாழ்ந்திருக்கிறார்கள். 2021இல் யுனெஸ்கோ இதை உலக மரபுச் சின்னமாக அறிவித்தது.

அதே நாகரிகத்தின் மொகஞ்சதாரோவைச் செங்கல்லால் எழுப்பினார்கள். தோலாவிராவில் பக்கத்துக் குன்றுகளின் கல்லை வெட்டிச் செதுக்கிக் கட்டினார்கள். வெளிமதில் சுமார் 771 மீட்டர் நீளம், 617 மீட்டர் அகலம். ஆனால் இந்த நகரத்தின் பெருமை மதிலில் இல்லை, அதன் குளங்களில் இருக்கிறது. நகருக்கு வடக்கே மான்சர், தெற்கே மான்ஹர் என இரண்டு ஓடைகள். மழை பெய்தால் மட்டுமே ஓடுபவை. அவற்றின் குறுக்கே தடுப்பணை கட்டி, வந்த வெள்ளத்தைத் திருப்பி, மதிலை ஒட்டி வெட்டிய நீர்த்தேக்கங்களில் ஒன்றன்பின் ஒன்றாக நிரப்பினார்கள். கிழக்குப் புறத்துத் தேக்கம் 73 மீட்டர் நீளமும் 29 மீட்டர் அகலமும் 10 மீட்டருக்கு மேல் ஆழமும் உடையது. படிகளில் இறங்கி அடியில் நின்று அண்ணாந்தால் கரை மூன்று மாடி உயரத்தில் தெரிகிறது. ஆண்டில் சில நாள் மட்டும் பெய்யும் மழையை நம்பி இவ்வளவு பெரிய பள்ளத்தை வெட்டியவர்களின் துணிச்சல் அங்கே நின்றால்தான் முழுசாக உறைக்கும்.

வடக்கு வாசலருகே கிடைத்த எழுத்து வரிசையும் புகழ்பெற்றது. மரப்பலகையில் வெண்ணிற ஜிப்சத் துண்டுகளைப் பதித்து அமைத்த 10 குறிகள். ஒவ்வொன்றும் ஒரு முழத்துக்குச் சற்றுக் குறைவான உயரம். பலகை மக்கி மண்ணாகிவிட்டது. குறிகள் விழுந்த வரிசை குலையாமல் கிடந்தன. அவற்றை இதுவரை யாரும் படித்ததில்லை. தூரத்திலிருந்தே கண்ணில் படும்படி ஊர் வாசலில் அவ்வளவு பெரிதாக எழுதி வைத்தார்கள் என்பது மட்டும் உறுதி.

அகழாய்வு மேட்டின் அருகிலேயே சிறிய அருங்காட்சியகம் உண்டு. சங்கு வளையல், எடைக்கல், முத்திரை, பானை ஆகியவற்றோடு மணி செய்த பட்டறைகளின் மிச்சங்களையும் கவனித்துப் பார்க்க வேண்டும். எர்னஸ்டைட் என்று தொல்லியலாளர்கள் பெயரிட்டுள்ள கடுங்கல்லால் ஆன துளைக்கருவிகள் இங்கே ஏராளமாகக் கிடைத்துள்ளன. நீண்ட சூதுபவள மணி ஒன்றில் இதைக் கொண்டு துளையிட்டு முடிக்க நாள்கணக்கில் ஆகும். குஜராத்தின் கம்பாத் நகரில் இன்றும் சூதுபவளத்தைச் சூளையில் சுட்டு, கல்லுக்குள் உள்ள இரும்பால் நிறம் சிவந்த பிறகு, தட்டி மணியாக்குகிறார்கள். தோலாவிராவின் பேழையைப் பார்த்தவர்கள் கம்பாத்துக்கும் ஒரு நடை போய்வருவது நல்லது.

புஜ் நகரின் அருங்காட்சியகங்கள்

மாவட்டத் தலைநகரான புஜ்ஜில், ஹமீர்சர் ஏரியை ஒட்டி இருக்கிறது கட்ச் அருங்காட்சியகம். 1877இல் தொடங்கிய இதுவே குஜராத்தின் மிகப் பழைய அருங்காட்சியகம். மேற்கு சத்ரப மன்னர்களின் கல்வெட்டுகள் இங்கே அதிகம். அந்தாவ் என்ற ஊரில் கிடைத்த, முதலாம் ருத்ரதாமன் காலத்துக் கல்வெட்டுகள் (கி.பி. 130) அவற்றுள் முக்கியமானவை. 1948 வரை கட்ச் அரசுக்குத் தனியாக இருந்த ‘கோரி’ நாணயங்களையும் பார்க்கலாம்.

எதிரே உள்ள ஏரிக்கு ஊரில் இருக்கும் மதிப்பையும் சொல்ல வேண்டும். நல்ல மழை பெய்து ஹமீர்சர் நிரம்பி மறுகால் பாய்ந்தால் புஜ்ஜுக்கு அன்று உள்ளூர் விடுமுறை. ஏரிக்குப் பூசை செய்து இனிப்பு வழங்குகிறார்கள்.

18ஆம் நூற்றாண்டில் கட்ச் அரசர் ராவ் லக்பத்ஜிக்காகக் கைவினைஞர் ராம்சிங் மாலம் கட்டிய ஆயினா மகால் என்ற கண்ணாடி அரண்மனை, ஹாலந்தில் ராம்சிங் கற்றுவந்த கண்ணாடி வேலைக்கும் ஓட்டு வேலைக்கும் சாட்சி. 2001 ஜனவரி 26 அன்று 7.7 அளவில் கட்ச்சை உலுக்கிய நிலநடுக்கத்தில் அதன் ஒரு பகுதி இடிந்தது. அந்தப் பேரழிவின் நினைவாக 2022இல் புஜியோ குன்றில் ஸ்மிருதிவனம் திறக்கப்பட்டது. குன்றின் தடுப்பணைச் சுவர்களில் இறந்தவர்களின் பெயர்களைப் பொறித்திருக்கிறார்கள்.

பூத்தையல்

புஜ்ஜுக்குக் கிழக்கே அஜ்ரக்பூரில், ‘ஸ்ருஜன்’ அமைப்பு 2016இல் திறந்த எல்.எல்.டி.சி. கைவினை அருங்காட்சியகம் இருக்கிறது. ஸ்ருஜனின் பிறப்பே ஒரு வறட்சியில்தான். 1969இல் நிவாரணப் பணிக்காக வந்த சந்தா ஷ்ராஃப், தனேட்டி கிராமத்துப் பெண்கள் இலவசமாகக் கையேந்தத் தயங்குவதைக் கண்டார். அவர்கள் உடுத்தியிருந்த துணிகளின் தையலையும் கண்டார். சேலைகளைக் கொடுத்துத் தைக்கச் சொன்னார். கல்யாணச் சீராக மட்டுமே இருந்த வேலை அன்று முதல் கூலி தரும் வேலையானது. 2006இல் அவருக்கு ரோலக்ஸ் விருது கிடைத்தது.

இந்த அருங்காட்சியகத்தில் ஆகிர், ரபாரி, முத்வா, ஜாட், சோடா, மேக்வால் என ஒவ்வொரு சமூகத்தின் தையலையும் தனித்தனியே பார்க்கலாம். அவசரமாகப் பார்க்கிறவருக்கு எல்லாம் ஒரே வண்ணக் குவியலாகத் தெரியும். ‘சூஃப்’ என்ற ஒரு தையலின் முன் மட்டுமாவது கால் மணி நேரம் நிற்க வேண்டும். துணியில் கோலம் எதுவும் வரைந்துகொள்வதில்லை. தைக்கிற பெண் துணியின் பின்புறத்திலிருந்து ஊசியை ஓட்டுகிறாள். நெசவின் இழைகளை எண்ணி எண்ணித் தாண்டி, மயிலையும் முக்கோணத்தையும் மனத்திலேயே கணக்கிட்டு முன்பக்கத்தில் வரவழைக்கிறாள். ஓர் இழை தப்பினால் வரிசை முழுதும் கோணிவிடும்.

தேபரியா ரபாரி சமூகத்தின் கதை வேறு. மணப்பெண் தன் சீர்த்துணிகளை எல்லாம் தைத்து முடிக்கும் வரை கணவன் வீட்டுக்குப் போக முடியாமல் ஆண்டுகள் கடந்தன. 1995இல் சமூகப் பெரியவர்கள் கூடி, தங்களுக்குள் பூத்தையலையே தடை செய்துவிட்டார்கள். ஆகவே அருங்காட்சியகத்தில் தொங்கும் பழைய ரபாரிப் பாவாடைகளை அழகுக்காக மட்டும் பார்த்துவிட்டு நகர்வது நியாயமாகாது. அவை அத்தனையும் காத்திருந்த பெண்களின் ஆண்டுகள்.

நிரோணா

ரண் பக்கமாக வடக்கே போனால் வரும் நிரோணா கிராமத்தில் ரோகன் ஓவியம் பார்க்கலாம். ஆமணக்கெண்ணெயை இரண்டு நாள் காய்ச்சிப் பசையாக்கி, நிறப்பொடி கலந்து, உள்ளங்கையில் வைத்து இரும்புக் குச்சியால் நூல்போல் இழுத்து, குச்சி துணியைத் தொடாமலே கோலமிடுகிறார்கள். பாதி வரைந்து துணியை மடித்து அழுத்தினால் மறுபாதி பதிந்துவிடும். இக்கலையைக் காத்த அப்துல் கஃபூர் கத்ரிக்கு 2019இல் பத்மஸ்ரீ வழங்கப்பட்டது.

அதே ஊரிலும் ஜுராவிலும் லோகார் என்னும் கொல்லர்கள் கால்நடை மணி செய்கிறார்கள். பழைய இரும்புத் தகட்டைப் பற்றவைப்பு இல்லாமல் மடித்து அடித்துப் பொருத்தி, செம்பு கலந்த பூச்சிட்டு, களிமண்ணில் பொதிந்து சூளையில் சுடுகிறார்கள். பிறகு விளிம்பைச் சுத்தியலால் தட்டித் தட்டிச் சுரம் சேர்க்கிறார்கள். கண்ணுக்கெட்டாத தூரத்தில் மேயும் மாட்டை அதன் மணியோசையால் மேய்ப்பவன் அறிந்துகொள்வான்.

அஜ்ரக்

கட்ச்சின் கலைகளில் மிகுந்த பொறுமை கேட்பது அஜ்ரக் அச்சுத்துணி. நீலம் என்னும் பொருளுள்ள ‘அஸ்ரக்’ என்ற அரபுச் சொல்லிலிருந்து பெயர் வந்தது என்பர். ‘ஆஜ் ரக்’, அதாவது ‘இன்றைக்கு வை’ என்பதிலிருந்து வந்ததாகப் பட்டறைக்காரர்கள் சொல்வதுண்டு. ஒவ்வொரு கட்டத்துக்குப் பின்னும் துணியை ஆறப்போட வேண்டிய வேலை என்பதால் அந்த விளக்கமும் பொருந்தித்தான் போகிறது. ரண்ணை ஒட்டி வாழும் மால்தாரி மேய்ப்பர்கள் இதை லுங்கியாக, தலைப்பாகையாக, தோள்துண்டாக, தூளியாகப் பயன்படுத்தினார்கள்.

முதல் வேலை ‘சாஜ்’. ஆமணக்கெண்ணெய், சோடா, ஒட்டகச் சாணம் கலந்த நீரில் துணியைத் தோய்த்துப் பிசைந்து காயவைப்பது. அடுத்து கடுக்காய் நீர். மஞ்சள் ஏறிய துணியில் சுண்ணாம்பும் கருவேலம் பிசினும் கலந்து வெள்ளைக் கோடுகளுக்கான அச்சு பதிக்கிறார்கள். பிறகு கறுப்பு. பட்டறையின் ஒரு மூலையில் இருக்கும் பீப்பாயைத் திறந்து பார்த்தால் துருவேறிய இரும்புத் துண்டுகள், தேய்ந்த லாடங்கள் வெல்லத் தண்ணீரில் நுரைத்துக் கிடக்கும். புளித்த வாடை மூக்கில் ஏறும். மூன்று வாரம் போல ஊறியபின் அந்த நீரை வடித்து, புளியங்கொட்டை மாவு சேர்த்துக் காய்ச்சினால் கறுப்பு அச்சுக்கான கூழ் தயார். துணியில் உள்ள கடுக்காய்த் துவர்ப்பைத் தொட்டதுமே அது கருக்கிறது. நம் ஊரில் கடுக்காயும் அன்னபேதியும் சேர்த்து எழுதுமை காய்ச்சியதும் இதே வேதியியல்தான்.

சிவப்பு வர வேண்டிய இடத்தில் படிகாரக் கூழை அச்சிடுகிறார்கள். அப்போது அங்கே சிவப்பு தெரியாது. அவுரித் தொட்டியில் முக்கி எடுத்து, வெளியே காற்றுப் பட்டு நீலமாகி, அலசி, கடைசியில் மஞ்சிட்டி வேரோடு வேகவைக்கும்போதுதான் படிகாரம் பட்ட இடமெல்லாம் சிவக்கும். சோழமண்டலக் கரையில் சாயவேரைக் கொண்டு சாயக்காரர்கள் செய்ததும் இதுவே; இரு வேர்களிலும் உள்ள சிவப்புப் பொருள்கள் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை.

மொகஞ்சதாரோவின் ‘பூசாரி அரசன்’ சிலையின் மேலாடையில் உள்ள மூவிலைக் கோலத்தை அஜ்ரக்கின் மூதாதை என்று பலர் எழுதுகிறார்கள். கோலத்தின் ஒற்றுமையை மட்டும் வைத்து அப்படி முடிவுகட்டுவது சரியல்ல. மொகஞ்சதாரோவில் வெள்ளிக் கலம் ஒன்றோடு ஒட்டிக் கிடைத்த பருத்தித் துணுக்கில் மஞ்சிட்டிச் சாயம் காணப்பட்டது. சிவப்புச் சாயத்தின் பழமைக்கு அது உறுதியான சான்று. பழைய கெய்ரோவின் ஃபுஸ்தாத்தில் கிடைத்த இடைக்காலத்துக் குஜராத் அச்சுத்துணிகள் இன்று ஆக்ஸ்போர்டின் ஆஷ்மோலியன் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. அவற்றின் சிவப்பையும் நீலத்தையும் பார்த்தால் கட்ச் பட்டறைக்காரர் தம் வேலையென்றே கண்டுகொள்வார்.

சிந்துவிலிருந்து வந்த கத்ரி சாயக்காரர்கள் 16ஆம் நூற்றாண்டில் கட்ச் அரசரின் அழைப்பின்பேரில் தமட்கா ஊரில், ஆற்றோரமாகக் குடியேறினார்கள். ஓடும் நீரில் அலசினால்தான் சாயம் தெளியும். வேதிச்சாயம் பரவியபின் ஏறக்குறைய மறைந்துபோன இயற்கைச் சாயங்களை முகமது சித்திக் கத்ரி மீட்டெடுத்துத் தம் மக்களுக்குக் கற்பித்தார். மகன் இஸ்மாயில் கத்ரிக்கு 2003இல் இங்கிலாந்தின் டி மான்ட்ஃபோர்ட் பல்கலைக்கழகம் மதிப்புறு முனைவர் பட்டம் அளித்தது. 2001 நிலநடுக்கம் தமட்காவைத் தரைமட்டமாக்கியது. ஆறு அதற்கு முன்பே வறண்டுகொண்டிருந்தது. நிலநடுக்கத்துக்குப் பின் நீரில் இரும்பும் கூடிவிட்டது. இரும்பு கலந்த நீரில் சிவப்பு மங்கிவிடும். வீட்டைத் திரும்பக் கட்டிவிடலாம், தண்ணீரை என்ன செய்வது? பல குடும்பங்கள் புஜ்ஜின் அருகே நிலம் வாங்கிப் புது ஊர் அமைத்தன. தொழிலின் பெயரையே ஊருக்கும் வைத்து அஜ்ரக்பூர் என்றார்கள்.

இங்கே ஆறு இல்லை. ஆழ்துளைக் கிணற்றிலிருந்து தொட்டிகளுக்கு நீர் ஏற்றித்தான் துணி அலசுகிறார்கள். பட்டறைகள் பெருகப் பெருக நிலத்தடி நீர்மட்டம் கீழே போய்க்கொண்டிருக்கிறது. தமட்காவை விட்டு எதற்காக வந்தார்களோ அதே கவலை அஜ்ரக்பூரையும் தொடர்கிறது.