கங்காணி முறை: மூணாறு மலைத்தோட்டங்களின் அதிகார வரலாறு

கங்காணி முறை என்பது, தமிழகக் கிராமங்களில் முன்பணம் கொடுத்து ஆள் சேர்த்து, மலைத்தோட்டத்துக்கு அழைத்துச் சென்று, அங்கே அவர்களுடைய வேலை, கூலி, கடன் மூன்றையும் ஒரே இடையாள் வழியாக நிர்வகித்த ஏற்பாடு. இலங்கையிலும் மலாயாவிலும் பெயர் பெற்ற இம்முறை, இன்றைய கேரளத்தின் இடுக்கி மாவட்டத்திலுள்ள மூணாறு, தேவிகுளம், பீர்மேடு பகுதிகளிலும், பாலக்காட்டின் நெல்லியாம்பதியிலும், பரம்பிக்குளத்துக்கு அப்பாலுள்ள வால்பாறையிலும் வேரூன்றியிருந்தது. எதேச்சாதிகாரம் அரசில் மட்டுமன்றி வேலைத்தலத்திலும் வீட்டிலும் எப்படி இயங்குகிறது என்பதை அறிய இத்தோட்டங்களின் வரலாறு உதவுகிறது.

தோற்றம்

1877இல் ஜான் டேனியல் மன்றோ, பூஞ்சாறு அரசரிடமிருந்து கண்ணன் தேவன் மலையில் ஏறத்தாழ 227 சதுர மைல் நிலத்தைக் குத்தகையாகப் பெற்றார். சின்கோனா, காபி போன்ற பயிர்கள் முதலில் சோதிக்கப்பட்டன. 1880இல் ஏ. எச். ஷார்ப் பார்வதி தோட்டத்தில் தேயிலை பயிரிட்டார். 1897இல் கண்ணன் தேவன் ஹில்ஸ் புரொடியூஸ் கம்பெனி உருவானது. சாலை, மருத்துவமனை, 1924 வெள்ளத்தில் அழிந்த குண்டளைப் பள்ளத்தாக்கு ரயில் என எல்லாம் கம்பெனியின் கையில் இருந்தன. திருவிதாங்கூர் அரசின் அதிகாரம் மலையடிவாரத்தோடு தேய்ந்துபோக, மலைமேல் கம்பெனியே அரசாக விளங்கியது.

காட்டை வெட்டித் தோட்டமாக்க ஆள் தேவைப்பட்டது. பஞ்சமும் கடனும் சாதிக் கொடுமையும் வாட்டிய திருநெல்வேலி, மதுரை, இராமநாதபுரம் பகுதிகளிலிருந்து ஆட்கள் வந்தனர். அவர்களில் பெரும்பாலோர் தலித் சமூகத்தினர். போடிநாயக்கனூரிலிருந்து குரங்கணி வழியாக டாப் ஸ்டேஷனுக்கு ஏறும் மலைப்பாதை அவர்கள் நடந்துவந்த முக்கிய வழிகளுள் ஒன்று.

செயல்பட்ட விதம்

கம்பெனி கங்காணியிடம் பணம் கொடுக்கும். கங்காணி அதை ஊரில் முன்பணமாக வழங்குவார். திருமணச் செலவு, பழைய கடன், பயணச் செலவு என எழுதப்பட்ட தொகையோடு ஒரு குடும்பம் மலையேறும். அரிசி, கம்பளி போன்றவற்றின் விலையும் பற்றில் சேரும். கணக்கு முடிக்கும் நாளில் இவையெல்லாம் கூலியில் கழிக்கப்பட, மிச்சமின்றி அடுத்த ஆண்டுக்கும் கடனாளியாக நின்றவர் பலர். எழுதப் படிக்கத் தெரியாதவருக்குக் கங்காணி சொன்னதே கணக்கு. தம் ஆட்களின் சம்பளத்தை ஒட்டிக் கங்காணிக்குக் கமிஷன் உண்டு. ஆகவே ஓர் ஆள் நோயில் படுத்தாலும் ஊருக்கு ஓடினாலும் நட்டம் அவருக்கே.

விடியுமுன் பெரட்டுக்களத்தில் ஆட்கள் வரிசையாக நிற்க, பேர் பதிவாகும். வேலை குறைந்தால் அரைப்பேர், அதாவது அரைநாள் கூலி. தோட்ட மேலாளரான துரை, அவருக்குக் கீழே சின்னத்துரை, கண்டக்டர், கங்காணி என்று இறங்கிய அடுக்கின் அடியில் கொழுந்து பறிக்கும் பெண் இருந்தாள். திருமணம் பேசுவது, லயம் எனப்படும் வரிசைக் குடியிருப்பில் எழும் சண்டையைத் தீர்ப்பது, திருவிழா நடத்துவது என ஊர்ப் பெரியவரின் பொறுப்புகளும் கங்காணியிடமே இருந்தன. அடிக்கும் கையும் அரவணைக்கும் கையும் ஒன்றாக இருந்ததால் எதிர்ப்பு நன்றிகெட்ட செயலாகவும் பார்க்கப்பட்டது.

சட்டமும் துணைநின்றது. முன்பணம் பெற்று வேலையை முடிக்காதவரைச் சிறைக்கு அனுப்ப 1859ஆம் ஆண்டின் தொழிலாளர் ஒப்பந்த மீறல் சட்டம் பிரிட்டிஷ் இந்தியாவில் இடமளித்தது. 1925இல் அதை நீக்கச் சட்டம் இயற்றப்பட்டது. திருவிதாங்கூரிலும் இத்தகைய சட்டம் இருந்தது. வால்பாறைத் தோட்டங்களின் கொடுமைகளை அங்கு மருத்துவராகப் பணியாற்றிய பி. எச். டேனியல் ‘ரெட் டீ’ நாவலில் பதிவுசெய்தார். இரா. முருகவேளின் தமிழாக்கம் ‘எரியும் பனிக்காடு’.

சங்கங்களின் காலம்

1951ஆம் ஆண்டின் தோட்டத் தொழிலாளர் சட்டம் குடியிருப்பு, மருத்துவம், குழந்தைகள் காப்பகம் ஆகியவற்றை நிர்வாகத்தின் கடமையாக்கியது. தொழிற்சங்கங்கள் வலுப்பெற, ஆள் பிடிக்கும் கங்காணி படிப்படியாக மறைந்தார். எனினும் அதிகாரத்தின் வழி முற்றிலும் மாறிவிடவில்லை. 1958 அக்டோபரில், இ. எம். எஸ். தலைமையிலான கம்யூனிஸ்ட் அரசின் காலத்தில், மூணாறுப் பகுதியில் வேலைநிறுத்தத்தின்போது போலீஸ் சுட்டதில் தொழிலாளர் இருவர் இறந்தனர். பின்னாளில் ஏ.ஐ.டி.யு.சி., ஐ.என்.டி.யு.சி., சி.ஐ.டி.யு. சங்கங்களே தொழிலாளருக்கும் நிர்வாகத்துக்கும் இடையிலான ஒரே வாசலாயின. கொழுந்தெடுப்பவர் பெரும்பாலும் தமிழ்ப் பெண்களாக இருக்க, பேச்சுவார்த்தை மேசையில் அமர்ந்தவர் பெரும்பாலும் ஆண்கள்.

பெம்பிளை ஒருமை

2015 செப்டம்பரில் போனஸ் 20 சதவீதத்திலிருந்து 10 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. அப்போது நாட்கூலி 232 ரூபாய். பெம்பிளை ஒருமை (பெண்கள் ஒற்றுமை) என்று அறியப்பட்ட இயக்கத்தில் ஆயிரக்கணக்கான பெண்கள் மூணாறு சாலையில் அமர்ந்து போக்குவரத்தை முடக்கினர். சங்கத் தலைவர்களை அருகில் அண்டவிடவில்லை. கொழுந்துக் கூடையைத் தாங்கள் சுமக்க, பணப்பையைத் தலைவர்கள் சுமப்பதாக முழங்கினர். கோமதி, லிஸி சன்னி, இந்திராணி ஆகியோர் முன்னணியில் நின்றனர். ஒன்பது நாள் போராட்டத்தின் முடிவில் போனஸ் 8.33 சதவீதம், கருணைத்தொகை 11.67 சதவீதம் என 20 சதவீதம் மீண்டும் கிடைத்தது. அக்டோபரில் கூலி 301 ரூபாயானது. அவர்கள் கேட்டது 500. நவம்பரில் நடந்த உள்ளாட்சித் தேர்தலில் கோமதி வென்றார். உள்பூசலால் இயக்கம் பின்னர் தளர்ந்தது.

ஆய்வு நோக்கு

அடோர்னோவும் சகாக்களும் 1950இல் வெளியிட்ட எதேச்சாதிகார ஆளுமை குறித்த நூல், மேலிருப்பவருக்குப் பணிவதும் கீழிருப்பவரிடம் கடுமை காட்டுவதும் ஒரே குணத்தின் இரு முகங்கள் என்றது. காரணம் சொல்லாமல் கீழ்ப்படிதலை மட்டும் கோரும் பெற்றோரின் வளர்ப்பை, உளவியலாளர் டயானா பாம்ரிண்ட் 1966இல் தனி வகையாகப் பிரித்தார். துரைக்கு முன் குனிந்து ஆளுக்கு முன் நிமிர்ந்த கங்காணியிடம் முதலாவதைக் காணலாம். லயத்துப் பெரியவராக அவர் நடந்துகொண்ட விதத்தில் இரண்டாவதன் சாயல் உண்டு. ஆனால் மூணாறு வரலாறு குணத்தைவிட அமைப்பையே சுட்டுகிறது. துரை போனார், கங்காணி போனார், சங்கத் தலைவர் வந்தார். வேலையும் வீடும் ஒரே கையில் இருந்தவரை அடங்கிப்போகும் நிலையும் தொடர்ந்தது.

எச்சம்

2005 முதல் மூணாறுத் தோட்டங்களின் பெரும்பகுதியைத் தொழிலாளரும் பங்குதாரர்களாக உள்ள கண்ணன் தேவன் ஹில்ஸ் பிளாண்டேஷன்ஸ் நடத்துகிறது. 2020 ஆகஸ்ட் 6 இரவு பெட்டிமுடியில் லயங்கள் மீது மண் சரிந்து 70 பேர் மாண்டபின், தொழிலாளருக்குச் சொந்த நிலமும் வீடும் வேண்டும் என்ற கோரிக்கை வலுத்தது. பணி ஓய்வு பெற்றால் லயத்தைக் காலிசெய்ய வேண்டும் என்பதால், பல குடும்பங்கள் வீட்டுக்காகவே அடுத்த தலைமுறையில் ஒருவரைத் தோட்ட வேலையில் நிறுத்திவைக்கின்றன. கங்காணி முறை விட்டுச்சென்ற கட்டுகளில் இன்னும் அவிழாதது இதுவே.