மாறுபட்ட தீர்ப்பின் வரலாற்றுப் பயன்: நீதிபதி ஜே. வேட்டீஸ் வேரிங்

அமெரிக்கக் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்ட வரலாற்றில் கூட்டாட்சி நீதிபதி ஜே. வேட்டீஸ் வேரிங்குக்குத் தனியிடம் உண்டு. தென் கரோலினா மாநிலத்தின் சார்ல்ஸ்டன் நகரில் 1880இல் பிறந்த அவர், உள்நாட்டுப் போரில் அடிமைமுறை மாநிலங்களின் படையில் பணியாற்றியவரின் மகனாவார். நகராட்சி வழக்கறிஞராக இருந்த அவர் 1942இல் கூட்டாட்சி மாவட்ட நீதிபதியாக அமர்த்தப்பட்டார். நிறப்பாகுபாட்டை எதிர்ப்பவராக அப்போது அவர் அறியப்படவில்லை.

1946ஆம் ஆண்டு வழக்கொன்று அவரை ஆழமாகப் பாதித்தது. படைப்பணி முடித்து ஊர் திரும்பிய ஐசக் வுட்டார்டு என்னும் கறுப்பின வீரர், காவல்துறைத் தலைவர் ஒருவர் தாக்கியதில் இரு கண்களின் பார்வையையும் இழந்தார். வேரிங் முன்னிலையில் நடந்த விசாரணையில், வெள்ளையர் மட்டுமே அடங்கிய நடுவர் குழு அக்காவலரைக் குற்றமற்றவர் என விடுவித்தது.

மறு ஆண்டு, சனநாயகக் கட்சி தன் வேட்பாளரைத் தெரிவுசெய்யும் தேர்தலில் கறுப்பினத்தவரும் வாக்களிக்கலாம் என வேரிங் தீர்ப்பளித்தார். இதனால் சொந்த நகரத்தார் அவரை ஒதுக்கினர், வீட்டின்மீது கல்லெறிந்தனர்.

1951இல் பிரிக்ஸ் எதிர் எலியட் வழக்கை விசாரித்த மூவருள் இருவர், பள்ளிகளில் நிறவழிப் பிரிவினை சட்டப்படி செல்லும் என்றனர். வேரிங் மட்டும் மாறுபட்டார். கட்டடமும் வசதியும் சமமாக்கப்பட்டாலும் பிரித்துவைத்தலே சமத்துவமின்மை என்பது அவர் முடிபு. 1952இல் ஓய்வுபெற்று நியூயார்க்கில் குடியேறினார்.

பிரிக்ஸ் வழக்கையும் உள்ளடக்கிய பிரவுன் வழக்கில், 1954இல் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் ஒன்பதின்மரும் ஒருமனதாக அதே முடிபை எட்டினர். வேரிங் 1968இல் மறைந்தார். அவரை ஒதுக்கிய சார்ல்ஸ்டனின் கூட்டாட்சி நீதிமன்ற வளாகத்துக்கு 2015இல் அவர் பெயர் சூட்டப்பட்டது. எண்ணிக்கையால் தோற்ற தீர்ப்பும் பின்னாளில் சட்டமாதல் கூடும் என்பதற்கு அவர் வாழ்வு சான்றாகிறது.